சாத்திய ஜன்னல்கள்: அல்பராசின் ஆவணப்படம் ஒன்றின் நிகழ்வு ஆய்வு

பின்னணி

ஸ்பெயினின் அரகோன் பகுதியில், தெருவேல் மாகாணத்து மலைகளுக்கு நடுவே இருக்கும் பழைய ஊர் அல்பராசின். அதைப் பற்றி 12 நிமிட ஆவணப்படம் எடுக்கப் போன ஒரு சிறு குழுவுக்கு நேர்ந்ததை இங்கே பதிவு செய்கிறேன். இயக்குநர், ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், மொழிபெயர்ப்பையும் ஊர் ஏற்பாடுகளையும் பார்த்துக்கொண்ட பெண் ஒருவர், படத்தொகுப்பாளராக நான் என ஐந்து பேர். முதல் படப்பிடிப்புக்கு நான் போகவில்லை. ஹார்ட் டிஸ்க் என் மேசைக்கு வந்த பிறகுதான் என் வேலை தொடங்கியது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பின்னால் வரும் தவறுகளில் ஒன்று முழுக்க என்னுடையது. யாருடைய பெயரும் இதில் இல்லை. படத்திலிருந்து விலகியவரை அடையாளம் காட்டக்கூடிய சில்லறை விவரங்களையும் தவிர்த்திருக்கிறேன்.

வரலாற்று ஊர்கள் பற்றிய ஒரு தொடரில் இது ஒரு பகுதி. இயக்குநர் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்த குறிப்பு ஒன்றரைப் பக்கம். அதன் முதல் வரி: “சுவர், மௌனம், ஒரு மூதாட்டி.” ஊரைப் பார்ப்பதற்கு முன்பே எழுதிய வரி அது. அப்போது எங்களில் யாருக்கும் அது உறுத்தவில்லை. தெருவேல் ஸ்பெயினிலேயே மக்கள் நெருக்கம் மிகக் குறைந்த மாகாணங்களில் ஒன்று. சதுர கிலோமீட்டருக்குப் பத்துப் பேர்கூட இல்லை. ‘தெருவேலும் இருக்கிறது’ என்ற முழக்கத்தோடு 1999இல் தொடங்கிய மக்கள் இயக்கம், 2019 நவம்பர் தேர்தலில் நாடாளுமன்றக் கீழவையில் ஓர் இடத்தையே பிடித்துவிட்டது. காலியாகும் ஊர்கள் என்பது அந்த நாட்டின் அன்றாடப் பேச்சு. அந்தக் கோணத்தில் படம் எடுத்தால் வாங்குவதற்கும் ஆள் உண்டு.

ஊர்

குவாதலவியார் ஆறு ஒரு பாறை முனையை ஏறக்குறைய முழுவதுமாகச் சுற்றி வளைகிறது. அந்த முனையின் மீது, சுமார் 1,170 மீட்டர் உயரத்தில், அல்பராசின் ஒட்டிக்கொண்டிருக்கிறது. இதே ஆறு கீழே தூரியா என்று பெயர் மாறி வலென்சியாவில் கடலைச் சேர்கிறது. பானு ராசின் என்ற பெர்பர் குலத்திடமிருந்து வந்தது ஊரின் பெயர். 11ஆம் நூற்றாண்டில் இது அவர்களுடைய சிற்றரசு. அடுத்த நூற்றாண்டின் பிற்பகுதியில் அசாக்ரா குடும்பத்தின் கைக்கு வந்தது. காஸ்தீல், அரகோன் என்ற இரு அரசுகளுக்கும் இடையில், இரண்டுக்கும் அடங்காமல் நூறாண்டுக்கு மேல் தாக்குப்பிடித்தது. 1284இல் அரகோன் மன்னர் மூன்றாம் பேத்ரோ முற்றுகையிட்டுப் பிடித்தார். ஊருக்குப் பின்னால் மலைமுகட்டில் ஏறும் கோட்டைச் சுவரும் அதன் உச்சியில் நிற்கும் அந்தாதோர் கோபுரமும் எல்லாப் படங்களிலும் வருவன. எங்கள் படத்திலும் வந்தன.

ஆனால் பார்க்கிறவரை நிறுத்துவது ஊரின் நிறம். வீடுகளின் அடித்தளம் கல். மேல்மாடிகள் மரச்சட்டங்களுக்கு இடையே நிரப்பி ஜிப்சம் பூசியவை. அந்த வட்டாரத்து ஜிப்சக் கல்லில் இரும்பு ஆக்ஸைடு கலந்த களிமண் உண்டு. சுட்டு, பொடித்து, பூசினால் இளஞ்சிவப்புக்கும் செம்மண்ணுக்கும் இடைப்பட்ட ஒரு நிறம் வருகிறது; ஒரு சுவர் போல் இன்னொரு சுவர் இருப்பதில்லை. ஜிப்சம் தண்ணீரில் கரையக்கூடியது, பொதுவாக வீட்டுக்குள் பூசுவது. இங்கே அது வெளிச்சுவரில் நிற்கிறதென்றால், மழை குறைவான இடம் என்பது ஒரு காரணம். விறகுச் சூளையில் கடும் வெப்பத்தில் சுடுவதால் பூச்சு கெட்டிப்படுவது இன்னொன்று. வெளியே தள்ளி நிற்கும் இறவாரங்கள் மீதியைப் பார்த்துக்கொள்கின்றன. சில சந்துகளில் எதிரெதிர் வீட்டு இறவாரங்கள் முட்டிக்கொள்ளும் அளவுக்கு நெருங்கி, நடுவே ஒரு கீற்று வானம்தான் தெரியும்.

1961இல் ஊர் தேசியச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. 1996இல் சாந்தா மரியா அறக்கட்டளை உருவாகி, மறுசீரமைப்பை ஒரு தொடர்ந்த வேலையாகவும் உள்ளூர்க்காரர்களுக்கு ஒரு தொழிலாகவும் ஆக்கியது. இன்று நாம் பார்க்கும் சிவப்பில் கணிசமான பகுதி நம் காலத்துக் கொத்தனார்கள் பழைய முறையில் பூசியது. எங்கள் ஒன்றரைப் பக்கக் குறிப்பில் இதைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை.

முதல் பயணம்: பிப்ரவரி, ஆறு நாள்

கூட்டம் இருக்காது, வெயில் சாய்ந்து விழும், சுவரின் சொரசொரப்பு நன்றாகத் தெரியும் என்று பிப்ரவரியைத் தேர்ந்தார்கள். ஒளியைப் பொறுத்தவரை அது சரியான முடிவு. காலை எட்டு மணிக்குக் குழு மேலூரின், அதாவது பாறை மேல் இருக்கும் பழைய பகுதியின், சதுக்கத்துக்குப் போய்விடும். குளிர் சுழியத்துக்குக் கீழே. கேமரா பேட்டரிகளை ஒளிப்பதிவாளர் சட்டைக்குள் வைத்துச் சூடுபடுத்திக்கொண்டே வேலை செய்தார். தெருக்களில் ஆள் இல்லை. ஜன்னல்களின் மரக்கதவுகள் வரிசையாகச் சாத்தியிருந்தன. இயக்குநரின் நாட்குறிப்பில் முதல் நாள் எழுதியிருப்பது: “31 ஜன்னல்கள் எண்ணினேன். 27 சாத்தியிருக்கின்றன.”

இந்த 27 சாத்திய ஜன்னல்கள்தான் படத்தின் முதுகெலும்பு என்று அன்று மாலையே முடிவாகிவிட்டது. நிலையான ஷாட்கள், ஒவ்வொன்றும் பன்னிரண்டு விநாடி, முக்காலியை அசைக்கக் கூடாது. நீல நிற மாளிகை ஒன்று இருக்கிறது. சுற்றிலும் சிவப்பாக இருக்கும் ஊரில் அது தனியாக உறுத்தும். அந்தலூசியாவிலிருந்து வந்த மணப்பெண்ணுக்காகப் பூசிய நிறம் என்று கதை சொல்வார்கள். அரை நாள் அதில் போயிற்று. கடைசிப் படத்தில் அதிலிருந்து ஒரு ஷாட்கூட இல்லை.

மறுப்பு ஒன்று வந்தது, ஒலிப்பதிவாளரிடமிருந்து. மூன்றாம் நாள் அவர் தன் பதிவுத் தாளில் இப்படிக் குறித்திருக்கிறார்: “மேலூர், வெறும் தெரு. பின்னணியில் கீழிருந்து பள்ளி இடைவேளைச் சத்தம், மரம் அறுக்கும் இயந்திரம், வேன் ஹாரன். அமைதி கிடைக்கவில்லை.” அமைதி வேண்டும் என்று அவரிடம் கேட்டிருந்தார்கள். கிடைக்காததை அவர் தன் தவறுபோல எழுதிவைத்தார். சத்தம் எங்கிருந்து வருகிறது என்று யாரும் கீழே போய்ப் பார்க்கவில்லை.

அதே நாள்தான் அந்த மூதாட்டியைச் சந்தித்தார்கள். எண்பதைக் கடந்தவர், தனியாக வாழ்கிறவர், நன்றாகப் பேசுகிறவர். தட்டி அழைப்பதற்குப் பல்லி வடிவில் இரும்புப் பிடி வைத்த அவருடைய கதவு ஒளிப்பதிவாளரை நிறுத்தியது. கதவைத் தட்டியதும் அவரே திறந்தார். சமையலறையில் விறகடுப்புக்கு அருகில் நாற்பது நிமிடம் பேசினார். ஆட்டு மந்தையோடு குளிர்காலத்தில் தெற்கே நடந்துபோன தன் தகப்பனார், ரொட்டி விலை, வலென்சியாவில் இருந்து சனிக்கிழமைதோறும் வரும் மகன், முழங்கால் வலி, ஊராட்சி போட்ட புதுப் படிக்கட்டு. நடுவில் ஒரு முறை, “இந்தத் தெருவில் அந்தக் காலத்தில் பதினைந்து குடும்பம்” என்றார். ஒப்புதல் படிவத்தை நீட்டியதும் கண்ணாடியைத் தேடாமலே கையெழுத்துப் போட்டார்.

படத்தொகுப்பு மேசையில்

ஒன்பது மணி நேரத்துக்கு மேல் காட்சி வந்தது. இயக்குநரின் குறிப்பைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வெட்டினேன். நாற்பது நிமிடப் பேச்சிலிருந்து எடுத்துக்கொண்டது எழுபது விநாடி: பதினைந்து குடும்பம் என்ற வரி, அதன்பின் அவர் ஒரு கணம் நிறுத்திய மூச்சு, முழங்காலைத் தடவும் கை. சனிக்கிழமை வரும் மகன் வெட்டில் போய்விட்டான். அவன் வருவது கதைக்கு இடைஞ்சல் என்று நான் அப்போது நினைத்தேனா என்றால், நினைக்கக்கூட இல்லை. கை தானாக அந்த இடத்தில் வெட்டியது.

ஜன்னல் ஷாட்களில் அடியில் ஓடிய குழந்தைகள் சத்தத்தையும் அறுவை இயந்திரத்தையும் நான் அழித்தேன். அதற்கு மேல் காற்றின் ஓசையை வைத்தேன். அந்தக் காற்று அல்பராசினில் பதிவானதுகூட இல்லை. என் ஒலித் தொகுப்பில் இருந்த ஏதோ ஒரு மலைக்காற்று. தொழில்முறையில் இது சாதாரணமான வேலை, யாரும் தப்பு சொல்ல மாட்டார்கள். 12 நிமிட வடிவம் மிக அழகாக வந்தது. தயாரிப்பாளர் பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஊரில் காட்டிய நாள்

முடிக்கும் முன் உங்களுக்குக் காட்டுவோம் என்று இயக்குநர் பேட்டி கொடுத்தவர்களிடம் சொல்லியிருந்தார். பலர் சொல்வதுண்டு, செய்வது குறைவு. அவர் செய்தார். மார்ச் கடைசியில் அவரும் மொழிபெயர்ப்பாளரும் மடிக்கணினியோடு போனார்கள். ஒரு சின்ன அறையில் ஒன்பது பேர் பார்த்தார்கள்: மூதாட்டி, அவருடைய உறவுக்காரப் பெண், ஒரு கொத்தனார், அக்கம்பக்கத்தினர் சிலர்.

மூன்றாவது நிமிடத்தில் கொத்தனார் சிரித்துவிட்டார். நூற்றாண்டுகளின் தழும்பு என்று படத்தின் பின்னணிக் குரல் சொல்லிக்கொண்டிருக்கையில் திரையில் நெருக்கமாகத் தெரிந்த சுவர் அவர் ஒன்பது ஆண்டுக்கு முன் பூசியது. தழும்பு என்று நாங்கள் எடுத்தது அவருடைய கரணை போன தடம். அவர் கோபப்படவில்லை, பெருமையாகவே எடுத்துக்கொண்டார் என்று மொழிபெயர்ப்பாளர் சொன்னார். பக்கத்தில் இருந்தவர் தோளைத் தட்டி, “இவனுக்கு எண்ணூறு வயது” என்று கேலி செய்தாராம்.

மூதாட்டி முடியும்வரை பேசவில்லை. விளக்கைப் போட்டதும் இயக்குநரிடம் கேட்டார்: “எல்லா ஜன்னலையும் ஏன் சாத்தியிருப்பதாகக் காட்டினாய், மகளே?”

வீடுகள் காலியாக இருப்பதைச் சொல்வதற்காக என்று இயக்குநர் தயங்கித் தயங்கி விளக்கினார்.

“அது என் ஜன்னல். நான் உள்ளேதான் இருந்தேன். குளிருக்குச் சாத்தியிருந்தேன்.”

பிப்ரவரியில் அந்த ஊரில் காலை பதினொரு மணிக்கு முன் ஜன்னலைத் திறப்பவர் விறகைக் காசு கொடுத்து வாங்காதவராகத்தான் இருக்க வேண்டும். அறையில் இருந்த அனைவருக்கும் அது தெரியும். வேறு சிலவும் அன்று தெரியவந்தன. அல்பராசினில் வசிக்கும் சுமார் ஆயிரம் பேரில் நிறையப் பேர் மலை மேல் இல்லை. கீழே ஆற்றோரத்தில் இருக்கும் அர்ரபால் பகுதியில் இருக்கிறார்கள். படியேற முடியாதவர்கள், கார் வைத்திருப்பவர்கள், குழந்தை உள்ளவர்கள் அங்கே இறங்கிப் பல ஆண்டுகள் ஆகின்றன. ஒலிப்பதிவாளரின் தாளில் இருந்த பள்ளியும் வேனும் அங்கிருந்துதான் கேட்டிருக்கின்றன. எங்கள் கேமரா ஆறு நாளில் ஒருமுறைகூட அங்கே போகவில்லை. தங்கிய விடுதிக்குப் போகும் வழியில் தினமும் இரண்டு முறை அதைத் தாண்டியிருக்கிறார்கள்.

மேலூரில் நிஜமாகவே காலியாக இருக்கும் வீடுகளும் உண்டு என்று அவர்களே சொன்னார்கள். ஆனால் அதில் பாதி வார இறுதி வீடுகள், மீதியில் சில பயணிகளுக்கு வாடகைக்கு விடுபவை. குடியிருக்க வாடகைக்கு வீடு தேடும் இளைஞர்களுக்குக் கிடைப்பதில்லை என்பதுதான் அவர்களுடைய புகார். கைவிடப்பட்ட ஊரின் புகார் இப்படி இருக்காது.

இரண்டு நாள் கழித்து உறவுக்காரப் பெண்ணிடமிருந்து செய்தி வந்தது. மூதாட்டி தன்னைப் படத்திலிருந்து எடுத்துவிடச் சொல்கிறார், கோபம் ஒன்றும் இல்லை, கடைசி ஆள் போலத் தன்னைக் காட்டியிருப்பது பிடிக்கவில்லை, அவ்வளவுதான்.

எடுத்த முடிவும் காரணமும்

தொலைபேசியில் இரண்டு மணி நேரம் பேசினோம். தயாரிப்பாளரின் முதல் கேள்வி நியாயமானது: கையெழுத்து இருக்கிறதே? ஸ்பெயினில் ஒருவருடைய மானம், அந்தரங்கம், உருவம் ஆகியவற்றைக் காக்கும் சட்டம் 1982இல் வந்தது. உருவத்தைப் பயன்படுத்தக் கொடுத்த ஒப்புதலை எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பெறலாம் என்று அது சொல்கிறது. அதனால் மற்றவருக்கு நட்டம் வந்தால் ஈடு தர வேண்டிவரலாம் என்றும் சொல்கிறது. அதாவது அவர் விலகலாம், நாங்கள் செலவைக் கேட்டுப் பார்க்கலாம். எண்பது வயதுப் பெண்ணிடம் படப்பிடிப்புச் செலவைக் கேட்பது என்ற யோசனையை யாரோ வாய்விட்டுச் சொன்னதும் பேச்சு சிறிது நேரம் நின்றது. யார் என்று எழுதத் தேவையில்லை.

முகத்தை மங்கலாக்கி, குரலை மட்டும் வைக்கலாமா என்று நான் கேட்டேன். குரலுக்கும் அதே பாதுகாப்பு உண்டு என்பது ஒரு பக்கம். அந்தச் சிறிய ஊரில் குரலைக் கேட்டால் யாரென்று தெரியாதா என்று மொழிபெயர்ப்பாளர் திருப்பிக் கேட்டார்.

அவரை எடுத்துவிட்டால் மீதி நிற்குமா என்று அன்றிரவு வெட்டிப் பார்த்தேன். பதினொரு நிமிடம் சாத்திய ஜன்னல்களும் எங்கிருந்தோ வந்த காற்றும். படத்தில் ஊரைச் சேர்ந்தது என்று சொல்ல எதுவும் இல்லை. அதைப் பார்த்த பிறகுதான் மறுபடியும் போவது என்று முடிவாயிற்று. இன்னொரு மூதாட்டியைத் தேடலாம் என்ற எளிய வழியும் இருந்தது. இயக்குநர் அதை ஒரே வார்த்தையில் மறுத்தார். ஒப்படைக்கும் தேதி இரண்டு மாதம் தள்ளிப்போனது. இயக்குநரும் நானும் எங்கள் ஊதியத்தில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்தோம். அதில் தியாகம் ஒன்றும் இல்லை, சேதத்தில் எங்கள் பங்கு அது.

இரண்டாம் பயணம்: ஏப்ரல் இறுதி, நான்கு நாள்

இந்த முறை நானும் போனேன். எழுதிய குறிப்பு எதுவும் இல்லை. முதல் நாள் கேமராவை எடுக்கவில்லை. ஒலிப்பதிவாளர் முன்னால் நடக்க, சத்தம் வரும் திசைக்குப் போனோம்.

கொத்தனார் ஒரு முழுக் காலையை எங்களுக்குக் கொடுத்தார். தண்ணீரில் ஜிப்சப் பொடியைத் தூவுகிறார். பொடியில் தண்ணீர் ஊற்றுவதில்லை. பொடி தானாக மூழ்கும்வரை காத்திருக்கிறார். கையை உள்ளே விட்டு ஒருமுறை கலக்குகிறார். அதன்பின் பேச்சே இல்லை. ஈரமாகச் சுவரில் ஏறும்போது அது காயம்போலக் கருஞ்சிவப்பாக இருக்கிறது. காயக் காய வெளிறி, பக்கத்துச் சுவரின் நிறத்தை எட்டிப் பிடிக்கப் பார்க்கிறது, பிடிப்பதில்லை. பழைய சுவரோடு நிறம் சேர எவ்வளவு நாள் ஆகும் என்று கேட்டேன். “நீங்கள் வந்து படம் எடுக்கும்வரை” என்றார். இந்தக் காட்சி கடைசிப் படத்தில் இரண்டே முக்கால் நிமிடம், வெட்டே இல்லாமல் ஓடுகிறது.

ஏப்ரல் 30 இரவு, மே மாதத்தை வரவேற்கும் மாயோஸ் பாடல்கள். கிதார்களோடு ஒரு கூட்டம் முதலில் கன்னி மரியாளுக்குப் பாடிவிட்டு, பிறகு பெண்களுக்குப் பாடும் பழைய வழக்கம். கீழூர் முழுவதும் மேலே ஏறி வந்திருந்தது. பிப்ரவரியில் நாங்கள் வெறுமையைப் படம்பிடித்த அதே சந்தில் முக்காலி வைக்க இடமில்லை. இருட்டில் எடுத்ததால் காட்சி மோசம், ஒலி அருமை. இதையும் அப்படியே நீளமான வெறுமைக்கு எதிர்ப்பாட்டாக வைத்துவிட வேண்டும் என்ற ஆசை எனக்கு வந்தது. வருடத்தில் ஓர் இரவை ஊரின் இயல்பு என்று காட்டினால், பிப்ரவரிக் காலையை அப்படிக் காட்டியதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம் என்று ஒலிப்பதிவாளர் கேட்டார். நாற்பது விநாடியோடு நிறுத்தினேன்.

விளைவு

படம் 14 நிமிடமாக முடிந்தது. சாத்திய ஜன்னல் ஷாட் ஒன்று மட்டும் இருக்கிறது. அதன் அடியில் பிப்ரவரியில் பதிவான உண்மையான ஒலி, பள்ளி இடைவேளைச் சத்தத்தோடு. மூதாட்டி மறுபடி பேச விரும்பவில்லை, நாங்களும் வற்புறுத்தவில்லை. கதவை மட்டும் எடுத்துக்கொள்ளச் சொன்னார். கோடையில் ஊரில் காட்டியபோது வந்திருந்தார். அந்தப் பல்லிக்கு எண்ணெய் போட்டிருப்பேனே, முன்னாலேயே சொல்லியிருந்தால் என்றார்.

முதல் வடிவத்தைப் பார்த்து ஆர்வம் காட்டிய ஒரு விழாவினர் இரண்டாவதை எடுக்கவில்லை. கவித்துவம் குறைந்துவிட்டது என்று எழுதியிருந்தார்கள். அவர்கள் சொன்னது ஒரு விதத்தில் சரி. தொடரின் மற்றப் பகுதிகளோடு சேர்த்துப் பார்த்தால் எங்கள் பகுதி கொஞ்சம் கரடுமுரடாக, திசை மாறி மாறிப் போவது தெரிகிறது.

மாற்றியிருக்க வேண்டியவை

குறிப்பை எழுதுவதற்கு முன் ஒருவராவது ஊரில் மூன்று நாள் கேமரா இல்லாமல் இருந்திருக்க வேண்டும், அதுவும் வார நாளும் வார இறுதியும் கலந்து. வெறுமையை எடுப்பதானால் காரணத்தைக் கேட்டுவிட்டு எடுக்க வேண்டும். குளிரா, விடுமுறையா, சாவா என்று. ஒலிப்பதிவாளரின் தாளை நான் பொருட்படுத்தாதது பெரிய பிழை. இப்போது எந்தப் படத்திலும் படப்பிடிப்பு ஒலியை அழிக்கும் முன் அதில் என்ன கேட்கிறது என்று எழுதி இயக்குநருக்கு அனுப்புகிறேன். இரண்டு பேருக்கு அது எரிச்சலைத் தருகிறது.

ஒப்புதல் படிவத்தை இரண்டாகப் பிரித்துவிட்டோம். ஒன்று படம் எடுப்பதற்கு, அன்றே கையெழுத்து. மற்றொன்று பயன்படுத்துவதற்கு, தன் பகுதியை வெட்டிய வடிவில் பார்த்த பிறகு கையெழுத்து. வயதானவர்களுக்குப் படிவத்தை வாய்விட்டுப் படித்துக் காட்டுவது என்றும் சேர்த்திருக்கிறோம். தயாரிப்பாளருக்கு இதில் இன்னும் உடன்பாடு இல்லை. படப்பிடிப்பு முடிந்த பின் எவரும் விலகலாம் என்றால் எந்தக் காப்பீட்டு நிறுவனம் ஒப்புக்கொள்ளும் என்று கேட்கிறார். அந்தக் கேள்விக்கு எங்களிடம் பதில் இல்லை. இரண்டாவது படிவம் இதுவரை இரண்டு படங்களில் பயன்பட்டிருக்கிறது. ஒருவர் விலகினார், படத்தொகுப்பின் முதல் வாரத்திலேயே.